டாக்டர் பேசாத காட்சி

மச்சான் பாக்கி வைத்திருந்தது முப்பத்தோராயிரத்து அறுநூற்று நாற்பது.

இருபத்தெட்டு வருடமாக அந்தத் தொகை கூடவும் இல்லை, குறையவும் இல்லை. வட்டி கிடையாது. கொடுத்த பட முதலாளி அதைப் பணமாகத் திருப்பி வாங்கவும் மாட்டார். "எனக்கு என் கதைதான் வேணும்" என்பார். ஒரு படத்துக்குக் கதை எழுதித் தருவதாகச் சொல்லி மச்சான் வாங்கிய முன்பணம் அது. அதற்குப் பிறகு அதே முதலாளிக்கு எத்தனையோ படங்களில் நடித்தார், வசனம் எழுதினார். அந்த ஒரு கதையை மட்டும் எழுதவில்லை.

எங்கே பார்த்தாலும் முதலாளி விடமாட்டார். "என்ன டாக்டர், என் கதை எங்கே?"

"இன்னும் வலி வரலை முதலாளி. வந்ததும் பிரசவம்தான்" என்பார் மச்சான்.

டாக்டர் என்றால் ஊசி போடுகிற டாக்டர் இல்லை. நாற்பத்தாறு வருட சினிமாவில் அவர் போடாத வேஷம் இல்லை. நீதிபதி, இன்ஸ்பெக்டர், பெண்ணுக்கு அப்பா, பேங்க் மானேஜர். ஆனால் அதிகம் போட்டது வெள்ளைக் கோட்டுதான். ஆபரேஷன் அறைக் கதவைத் திறந்துகொண்டு வருவார். மூக்குக் கண்ணாடியை மெதுவாகக் கழற்றுவார். "சொல்ல வேண்டியவங்களுக்கெல்லாம் சொல்லி அனுப்பிடுங்க" என்பார். தியேட்டரே மூக்கைச் சிந்தும். இன்றைக்கும் தெருவில் போனால் யாராவது நாக்கை நீட்டிக் காட்டுவார்கள். அவரும் பார்த்துவிட்டு, "சூடு. தண்ணி நிறையக் குடி" என்று சொல்லிவிட்டுப் போவார்.

நான் அவர் தங்கையைக் கட்டியவன். லைட்மேன். லைட்டைத் தூக்கித் தூக்கித் தோள் காய்த்துப்போனவன். எழுத்துக் கூட்டிப் படிக்க ஆரம்பித்ததே நாற்பது வயதுக்கு மேல்தான். அதற்கும் மச்சான்தான் காரணம், ஆனால் அவர் எனக்குச் சொல்லித் தரவில்லை.

மச்சான் நடிக்கிற படத்திலெல்லாம், பேர் போடாமல் வசனமும் எழுதுவார். எழுதியது அவர்தான் என்று வெளியே தெரியக்கூடாது. பேர் போட்ட எழுத்தாளருக்குக் கோபம் வரும், டைரக்டருக்குக் கௌரவக் குறைச்சல். அதனால் மேக்கப் போட்டபடியே ஒரு மூலையில் உட்கார்ந்து எழுதி, நாலாய் மடித்து என்னிடம் தருவார். அந்தக் காலத்து லைட் தொட்டால் தோல் உரிந்துவிடும். எங்கள் கையில் முரட்டுக் கையுறை இருக்கும். அந்தக் கையுறைக்குள் வசனத்தைச் சொருகிக்கொண்டு போய், லைட்டைத் திருப்புவது போலப் போய், பேச வேண்டிய நடிகர் கையில் சேர்ப்பேன்.

ஒரு நாள் ரெண்டு மடிப்பு மாறிப்போனது. எனக்குத்தான் படிக்கத் தெரியாதே. பெண்ணுக்கு அப்பாவாக நடித்தவர் மாப்பிள்ளை வீட்டாரைப் பார்த்து, "கையைத் தூக்கு! யாரும் அசையக்கூடாது!" என்று கத்தினார். அடுத்த செட்டில் இன்ஸ்பெக்டர் திருடனிடம், "பொண்ணு சமையல் நல்லாப் பண்ணுவா" என்றார். அன்று சாயங்காலமே என் மனைவி சினிமா போஸ்டரை முன்னால் விரித்துப்போட்டு, "இது என்ன எழுத்து, சொல்லு" என்று ஆரம்பித்துவிட்டாள்.

சரி, போன வாரத்துச் சண்டைக்கு வருகிறேன்.

மச்சானுக்கு ஒரே மகள். வீட்டில் பாப்பா. செட்டில் டைரக்டர். இது அவளுக்கு முதல் படம். கதாநாயகன் யார் என்று கேட்டால், அவள் அப்பாதான். வயதான ஒரு நடிகனின் கதை. மனைவி ஆஸ்பத்திரியில் செத்த அன்று வராமல் போன அந்த நடிகன், வளர்ந்துவிட்ட மகளிடம் மன்னிப்புக் கேட்கிறான். நாலு பக்க வசனம். பாப்பாவே எழுதியது.

கற்பனை இல்லை என்று எங்கள் வீட்டில் எல்லோருக்கும் தெரியும். பாப்பாவுக்குப் பத்து வயதில் அவள் அம்மா ஆஸ்பத்திரியில் கண்ணை மூடினார். அந்த நேரத்தில் மச்சான் செட்டில் இருந்தார். வெள்ளைக் கோட்டு போட்டுக்கொண்டு, எதிரில் நின்ற ஹீரோவிடம், "உங்க மனைவி பிழைச்சுட்டாங்க" என்று சொல்லிக்கொண்டிருந்தார். அன்று எனக்கு வேறு செட்டில் வேலை. எல்லாம் முடிந்த பிறகுதான் எனக்கே தெரியும்.

"மன்னிப்புக் கேக்குற வசனத்தை, அதை வாங்கிக்கப்போறவளே எழுதினா நான் எப்படிடி பேசுவேன்?" என்று மச்சான் கேட்டார்.

"ஊர்ல இருக்கிற அப்பனுக்கெல்லாம் எழுதினீங்க. உங்களுக்குன்னு ஒண்ணு எழுத நேரம் இல்லை. அதான் நானே எழுதிட்டேன்" என்று சொல்லிவிட்டு பாப்பா கதவைச் சாத்திக்கொண்டாள்.

இதற்கு மேல் ஒரு சிக்கல். படத்துக்குப் பணம் போடுவது அதே பழைய முதலாளி. பாதிப் படத்தோடு கையை இறுக்கிவிட்டார். "அந்த ஒரு காட்சியை நான் நேர்ல வந்து பாக்கணும். பாத்துட்டுத்தான் மிச்சப் பணம்" என்று சொல்லி அனுப்பிவிட்டார். அந்தக் காட்சி இன்றைக்கு. மச்சான் வாய் திறக்காவிட்டால் படம் நின்றுவிடும். பாப்பா வீட்டுப் பத்திரம் அடமானத்தில் இருக்கிறது.

காலையில் நான் போனபோது, என் மனைவி அண்ணனுடைய சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். மச்சான் ஜன்னல் ஓரம் உட்கார்ந்திருந்தார். மகள் எழுதின நாலு பக்கமும் மேஜை மேல் கவிழ்ந்து கிடந்தது.

"மாப்பிள்ளை, கையுறை இருக்கா?"

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. இந்தக் கேள்வியைக் கேட்டுப் பல வருடம் ஆகிறது. இப்போது வருகிற லைட்டெல்லாம் சுடுவதில்லை, கையுறைக்கு வேலையும் இல்லை. ஆனாலும் பையில் வைத்திருந்தேன். பழக்கம்.

மடித்த காகிதத்தை நீட்டினார்.

"யாருக்கு மச்சான்?"

"புதுப் பொண்ணுக்கு." பாப்பா வேஷத்தில் நடிக்கிற பெண்ணுக்கு. அவளுக்கு இது முதல் படம். நல்ல பெண். பயந்த சுபாவம்.

என் மனைவி இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள். "அண்ணே, டைரக்டர் உங்க சொந்தப் பொண்ணு. அவளுக்குத் தெரியாம வசனத்தை மாத்துவீங்களா?"

"டைரக்டருக்குத் தெரிஞ்சு என் வசனம் எப்போ போயிருக்கு?" என்றார் மச்சான், குழந்தை மாதிரி.

நாற்பத்தாறு வருடம் திருட்டுத்தனமாக எழுதினவருக்கு, நேர் வழியில் போய்க் கொடுக்கலாம் என்பதே தோன்றவில்லை. எனக்கும் தோன்றவில்லை. கையுறைக்குள் சொருகிக்கொண்டேன்.

"நல்லாயிருக்கு! அறுபது தாண்டியும் ரெண்டு பேருக்கும் புத்தி வரலை" என்று அவள் முணுமுணுத்தது படிக்கட்டு வரைக்கும் கேட்டது.

*

செட் ஒரு வீட்டு அறை. ஒரு மேஜை, ரெண்டு நாற்காலி, பின்னால் ஒரு கதவு. பாப்பா எழுதினபடி மேஜைக்கு இந்தப் பக்கம் அப்பா, அந்தப் பக்கம் மகள்.

புதுப் பெண் மேக்கப் அறையில் காகிதத்தைப் படித்துவிட்டு என்னைத் தேடி வந்தாள். "அங்கிள், இதுல எல்லா வசனமும் எனக்கே இருக்கு. சாருக்கு ஒரு வரிகூட இல்லையே. மாத்திக் குடுத்துட்டீங்களா?"

என் பழைய கதை எனக்கே ஞாபகம் வந்தது. அவளை மச்சானிடம் கூட்டிப்போனேன்.

"சரியாத்தான் குடுத்திருக்கார்மா. எனக்கு எதுக்கு வசனம்? எனக்குத்தான் காது இருக்கே" என்றார் மச்சான்.

இது அவருடைய பழைய சட்டம். தான் நடிக்கிற காட்சியைத் தானே எழுதினால், நல்ல வசனம் எல்லாம் எதிராளிக்குத்தான். தனக்குக் கேட்கிற வேலை மட்டும். நானே ஒரு தடவை சண்டை போட்டிருக்கிறேன். "ஏன் மச்சான், எழுதுற கை உங்க கை. உங்களுக்கு ரெண்டு வரி நல்லதா எழுதிக்கிட்டா யார் கேக்கப்போறா?" என்று. "பேசுறவன் முகத்தை யாரும் முழுசாப் பாக்கிறதில்லை மாப்பிள்ளை. கேக்கிறவன் முகத்தைப் பாத்துத்தான் அழுறாங்க" என்றார். அப்போது எனக்கு விளங்கவில்லை.

ரிகர்சல் ஆரம்பித்தது. மானிட்டருக்கு முன்னால் பாப்பா. புதுப் பெண் நாற்காலியில் உட்காராமல், நேராகப் பின்கதவு வழியாக உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

"ஏய், எங்கே போறே? உன் இடம் மேஜை!"

கதவுக்கு அந்தப் பக்கத்திலிருந்து குரல் வந்தது. பயந்த பெண்ணின் குரல் இல்லை அது.

"ஊருக்கெல்லாம் நீ டாக்டர். எங்க அம்மாவுக்கு மட்டும் இல்லை."

செட்டில் ஆணியடித்துக்கொண்டிருந்தவன்கூட நிறுத்திவிட்டான்.

"ஸ்டாப்!" பாப்பா எழுந்துவிட்டாள். "யார் எழுதினது இது?"

பழைய ஆட்கள் நாலைந்து பேர் இருந்தார்களே, அவர்கள் கண்ணெல்லாம் மெதுவாகத் திரும்பி என் கையுறையில் வந்து நின்றது. கேமராமேன் வாயைப் பொத்திக்கொண்டார்.

"மாமா! நீங்களுமா?"

"நான் வெறும் தபால்காரன்மா" என்றேன்.

அவள் அப்பாவைக் கையைப் பிடித்து ஒதுக்குப்புறமாகக் கூட்டிப்போனாள். ஒதுக்குப்புறம் என்றால் என் லைட் ஸ்டாண்டுக்குப் பின்னால். நான் எங்கே போவது? லைட்டைத் துடைத்துக்கொண்டு நின்றேன்.

"நாலு பக்கம் எழுதினேன்பா. எத்தனை தடவை கிழிச்சு எழுதினேன்னு தெரியுமா? ஒரு வார்த்தை விடாம தூக்கிட்டீங்க. பேச பயமா இருக்குன்னா சொல்லுங்க, வேற ஆளைப் பாக்கிறேன். எல்லாத்தையும் அந்தப் பொண்ணு தலையில கட்டிட்டு நீங்க சும்மா உக்காந்திருக்கிறது நடிப்பா? அது தப்பிக்கிறது."

மச்சான் அவள் சொல்லி முடிக்கும் வரை பார்த்துக்கொண்டே இருந்தார்.

"அது நான் எழுதினது இல்லைடி."

"பொய் சொல்லாதீங்க. உங்க கையெழுத்து."

"கையெழுத்து என்னோடது. வசனம் உன்னோடது. அம்மா போனதுக்கு அடுத்த நாள் நீ உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கிட்டே. அந்தப் பக்கமிருந்து பேசினே. பத்து வயசு. நான் இந்தப் பக்கம் தரையில உக்காந்திருந்தேன். நீ சொன்னதை அப்படியே எழுதியிருக்கேன். ஒரு வார்த்தை சேக்கலை." மகளுக்கு இன்னும் பக்கத்தில் வந்தார். "கடைசிப் பக்கம் மட்டும் நான் சேத்தது. உனக்குத் தெரியாத விஷயம். தெரிஞ்சிருந்தா நீ கேட்டிருப்பே."

பாப்பா சொன்னது அவளுக்கே மறந்திருந்தது. அவர் இருபத்தெட்டு வருடமாக நெஞ்சில் வைத்திருந்திருக்கிறார். உலகத்துக்கெல்லாம் வசனம் எழுதின ஆளுக்குள்ளே, ஒரு குழந்தையின் வசனம் ஒரு எழுத்துகூடச் சிதறாமல் இருந்திருக்கிறது.

"அப்ப நீங்க என்ன சொன்னீங்க?" என்று மெதுவாகக் கேட்டாள்.

"ஒண்ணும் சொல்லலை. கேட்டுக்கிட்டிருந்தேன்."

"அதான்பா என் கோபமே."

"தெரியும். அதைத்தான் எடுக்கப்போறோம்."

வெளியே கார் கதவு சாத்துகிற சத்தம். முதலாளி வந்துவிட்டார்.

பாப்பா கண்ணைத் துடைத்துக்கொண்டாள். டைரக்டர் குரல் திரும்பி வந்தது. "ஒரே ஒரு டேக். சரியா வரலைன்னா என் நாலு பக்கத்தைப் பேசணும்."

மச்சான் தலையாட்டினார்.

*

முதலாளிக்கு எண்பது தாண்டிவிட்டது. கம்பு ஊன்றிக்கொண்டு, யார் தோளையும் பிடிக்காமல், வந்து கேமராவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"என்ன டாக்டர், என் கதை எங்கே?"

மச்சான் வழக்கமாகச் சொல்கிற பதிலைச் சொல்லவில்லை. சிரிக்க மட்டும் செய்தார்.

பாப்பா கேமராவை மாற்றி வைக்கச் சொன்னாள். பெண் கதவுக்குப் பின்னால். அப்பா கதவுக்கு இந்தப் பக்கம், தரையில். கேமரா அவர் முகத்தில். டேக் முடியும் வரை நகராது.

"மாமா, லைட்."

இதை எப்படிச் சொல்வது? நாற்பது வருடத்துக்கு மேலாக மச்சான் இருந்த ஷாட்டுக்கெல்லாம் லைட் பிடித்திருக்கிறேன். ஒன்றுகூட அவருக்காகப் பிடித்ததில்லை. லைட் ஹீரோவுக்கு. சிந்தினது அவருக்கு. பந்தியில் கடைசியில் உட்கார்ந்தவன் மாதிரி, மிச்சம் மீதியில் தெரிந்த முகம் அது. முதல் முறையாக ஒரு முழு லைட்டை அவர் முகத்துக்கென்று திருப்பினேன். தோளில் இருந்த வலி எங்கே போனதென்று தெரியவில்லை.

"ஆக்‌ஷன்."

கதவு பேச ஆரம்பித்தது.

"ஊருக்கெல்லாம் நீ டாக்டர். எங்க அம்மாவுக்கு மட்டும் இல்லை. நீ டிவியில எத்தனை பேரைப் பிழைக்க வெச்சே. நான் பாத்தேன். அம்மாவும் பாத்தாங்க. ஒரு தடவை நிஜமா வந்து கையைப் பிடிச்சிருந்தா என்ன?"

மச்சான் முகத்தில் ஒன்றும் நடக்கவில்லை. ஒன்றுமே நடக்கவில்லை என்றுதான் முதலில் நினைத்தேன். பிறகு கவனித்தேன். குரல் வருகிற பக்கம் காது கொஞ்சம் சாய்ந்தது, அவ்வளவுதான். ஆனால் அந்தக் குரல் ஒவ்வொரு வார்த்தையாக அவர் முகத்துக்குள்ளே இறங்குவது தெரிந்தது. கிணற்றில் கல் போட்டால் மேலே ஒன்றும் தெரியாது, ஆழத்தில் ஏதோ அசையும், அந்த மாதிரி.

"நீ வராதப்போ அம்மா கதவையே பாத்துக்கிட்டிருந்தாங்க. யார் வந்தாலும் நீன்னு நினைச்சாங்க. டாக்டர் வந்தப்போகூட."

மச்சானின் கை மேலே போனது. மூக்குக் கண்ணாடியைத் தொட்டது. எத்தனையோ படத்தில் பார்த்த அதே கை, அதே வேகம். கழற்றப் போகிறார். அடுத்து அந்த வசனம்தான் என்று என் மனசு முந்திக்கொண்டது. கண்ணாடி பாதி வழி வந்தது. நின்றது. திரும்ப மெதுவாக மாட்டிக்கொண்டார்.

அது ஊரான் வீட்டுச் சாவுக்குச் செய்கிற சைகை. தன் வீட்டுக்கு அதைச் செய்யக்கூடாது என்று அந்தக் கைக்கே தெரிந்திருக்கிறது. நான் லைட் ஸ்டாண்டை இறுகப் பிடித்துக்கொண்டேன். நாற்பத்தாறு வருடம் ஒரு மனுஷன் இதற்காகவா ஒத்திகை பார்த்தான் என்று நினைத்துக்கொண்டேன்.

கதவு கடைசிப் பக்கத்துக்கு வந்தது.

"ஆஸ்பத்திரியிலேர்ந்து போன் வந்துச்சு. ஷாட் முடியட்டும், அப்புறம் சொல்லலாம்னு சொல்லிட்டாங்க. சரி, அவங்க சொல்லலை. ஆனா உனக்குத் தெரிஞ்சுதே. ஆபீஸ் வாசல்ல நின்ன முதலாளி முகத்தைப் பாத்தே. அதுல எல்லாம் எழுதியிருந்துச்சு. பாத்துட்டும் நீ என்ன சொன்னே? 'இன்னொன்னு போலாம்'னு சொன்னே. திரும்பவும் 'இன்னொன்னு போலாம்'னே. ஏன்? ஏன் அப்படிச் சொன்னே?"

டொக்கென்று ஒரு சத்தம்.

முதலாளியின் கையிலிருந்து கம்பு நழுவித் தரையில் விழுந்து, உருண்டு, மேஜைக் காலில் முட்டி நின்றது.

மச்சான் திடுக்கிடவில்லை. கண்ணை மட்டும் அந்தச் சத்தத்தின் பக்கம் திருப்பினார். ஒரு நொடி முதலாளியைப் பார்த்தார். அதில் கோபம் இல்லை. பிறகு கண்ணைத் திருப்பி, உள்ளங்கையை விரித்துக் கதவின் மேல் வைத்தார். அந்தப் பக்கம் இருக்கும் பெண்ணின் தலை எந்த உயரத்தில் இருக்குமோ அந்த உயரத்தில்.

"கட்" என்று சொல்ல பாப்பாவுக்கு நெடுநேரம் ஆனது.

*

யாரும் கைதட்டவில்லை. தட்டத் தோன்றவில்லை.

முதலில் பேசியவர் சவுண்ட் ரெக்கார்டிஸ்ட். பாவம், அவர் வேலை அது. "மேடம்... கம்பு விழுந்த சத்தம் பதிவாயிடுச்சு."

பாப்பாவைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். ஒரு ஷாட்டில் தூசி அளவு குறை இருந்தாலும் விடமாட்டாள். "இன்னொன்னு போலாம்" என்பதுதான் அவள் வாயில் நாள் முழுக்க வரும். அப்பன் வாய் அப்படியே என்று நாங்கள் சிரிப்போம். ஏனென்றால் இளவயதில் மச்சானும் அப்படித்தான். டைரக்டருக்குத் திருப்தியானாலும் அவருக்கு ஆகாது. பிறகு ஒரு கட்டத்தில் அது நின்றுபோனது. முதல் டேக்கிலேயே முடித்துவிட்டு எழுந்து போய்விடுவார். 'ஒரே டேக் டாக்டர்' என்று பட்டம்கூடக் கொடுத்தார்கள். அனுபவம், தொழில் சுத்தம் என்று எல்லோரும் புகழ்ந்தோம். நானும் ஊரெல்லாம் பெருமை பேசினேன்.

எப்போதிலிருந்து நின்றது என்று ஒருவரும் யோசிக்கவில்லை. இன்றைக்குத்தான் கணக்குப் போட்டேன்: இருபத்தெட்டு வருடம்.

பழக்கத்தில் பாப்பாவின் வாய் திறந்தது. "இன்னொ..."

நின்றுவிட்டாள்.

மானிட்டரை விட்டு எழுந்து வந்து அப்பாவுக்கு எதிரில் தரையில் உட்கார்ந்தாள். "ஏன்பா?" என்றாள். படத்தில் இருந்த கேள்விதான். ஆனால் படத்துக்காகக் கேட்கவில்லை.

மச்சான் கண்ணாடியைச் சட்டையில் துடைத்தார்.

"என் வசனம் என்ன தெரியுமா அன்னைக்கு? 'உங்க மனைவி பிழைச்சுட்டாங்க'. அதைச் சொல்லிக்கிட்டே இருக்கிற வரைக்கும் முதலாளி என்கிட்ட வர முடியாது. ஷாட்டு முடிஞ்சா வந்து சொல்லிடுவார். அதான். இன்னொரு தடவை சொன்னேன். இன்னொரு தடவை சொன்னேன். நிறுத்தாம இருந்தா அவ பிழைச்சிருப்பான்னு தோணுச்சு. பைத்தியக்காரத்தனம்தான்."

பாப்பா அவர் மடியில் தலையைச் சாய்த்துக்கொண்டாள். அவர் கை அவள் தலைமேல் போனது. கதவின் மேல் வைத்த அதே கை.

கதவைத் திறந்துகொண்டு புதுப் பெண் எட்டிப் பார்த்தாள். "சார், நான் எதாவது தப்பாப் பேசிட்டேனா?" என்று கேட்டாள். அழுதுகொண்டே சிரித்துவிட்டோம்.

"டைரக்டரம்மா" என்று முதலாளியின் குரல் வந்தது. நான் கம்பை எடுத்துக் கொடுத்தேன். வாங்கினார், ஊன்றவில்லை, மடியில் வைத்துக்கொண்டார். "போனை எடுத்தது நான்தான். ஷாட்டு முடியட்டும்னு சொன்னதும் நான்தான். உங்கப்பாவுக்குத் தெரியாதுன்னு இத்தனை வருஷம் நினைச்சுக்கிட்டிருந்தேன்."

"தெரியும் முதலாளி" என்றார் மச்சான்.

"தெரிஞ்சும் ஒரு நாள்கூட கேக்கலையே டாக்டர்."

"நீங்கதான் பாக்கிறப்பெல்லாம் கேட்டீங்களே, என் கதை எங்கேன்னு. நீங்களும் அன்னைக்கு நடந்ததைத்தானே கேட்டுக்கிட்டிருந்தீங்க."

முதலாளி தலை குனிந்துகொண்டார். மச்சான் மனைவியின் காரியமெல்லாம் முடிந்த மறுவாரம், ஆபீஸ் பெட்டியைத் திறந்து, அன்றைக்கு அதில் இருந்த பணம் மொத்தத்தையும் வழித்து மச்சான் கையில் திணித்தவர் அவர். சும்மா கொடுத்தால் மச்சான் வாங்கமாட்டார் என்று, கதைக்கு முன்பணம் என்று பேர் வைத்தார். அது எனக்கு நினைவிருக்கிறது. நல்ல மனுஷன் என்று அன்று நினைத்தேன். இன்றைக்கு என்ன நினைப்பதென்று தெரியவில்லை. நல்ல மனுஷன்தான், அதனால்தான் இத்தனை வருடம் அவரை அது அரித்திருக்கிறது.

"சவுண்டு கெட்டுப்போச்சுன்னு சொன்னாரே" என்று முதலாளி பாப்பாவைப் பார்த்தார். "என்ன செய்யப்போறே?"

"கம்பு விழுந்த சத்தம் அப்படியே இருக்கட்டும் ஐயா. அந்த இடத்துக்கு அது வேணும். இன்னொரு டேக் கிடையாது."

அவர் தலையை ஆட்டினார். "மிச்சப் பணம் நாளைக்கு வந்துடும். படத்தை முடி."

எழுந்தார். ரெண்டடி வைத்துவிட்டுத் திரும்பினார்.

"டாக்டர். கடைசிப் பக்கத்துல ஒரு தப்பு இருக்கு. அன்னைக்கு வந்தது ஒரு போன் இல்லை, ரெண்டு. ரெண்டாவதுதான் ஆஸ்பத்திரி. முதல் போன் உங்க வீட்டம்மாவே பண்ணாங்க. ஷாட்டுல இருந்தா கூப்பிட வேண்டாம், ஒரு சேதி மட்டும் சொல்லிடுங்கன்னாங்க. அந்தச் சேதியை நான் இன்னும் உங்ககிட்ட சேக்கலை."

பாப்பா நிமிர்ந்து உட்கார்ந்தாள். மச்சான் கை அவள் தலையிலேயே நின்றுவிட்டது.

"இத்தனை பேர் நடுவுல வேண்டாம். நாளைக்குக் காலையில ரெண்டு பேரும் வீட்டுக்கு வாங்க. அது என் பாக்கி." கம்பை ஊன்றினார். "முப்பத்தோராயிரத்து அறுநூத்தி நாப்பதுக்குக் கதை வந்து சேந்துடுச்சு. உங்க பாக்கி இன்னைக்கோட தீந்துச்சு டாக்டர்."

கம்புச் சத்தம் வாசல் வரை போய், கார்க் கதவோடு அடங்கியது.

வேலை முடிந்தால் லைட்டை அணைப்பது என் தொழில். சுவிட்சில் கை வைத்தேன். அப்பாவும் மகளும் தரையில், அந்த வெளிச்சத்துக்குள் உட்கார்ந்திருந்தார்கள்.

"இருக்கட்டும் மாமா" என்றாள் பாப்பா.

கையுறையைக் கழற்றிப் பையில் போட்டுக்கொண்டு, லைட்டை எரியவிட்டு நின்றேன்.